மருந்துப் பெட்டியின் மறுபக்கம்: இப்ராஹீம் அஸ்ஸலஹியின் ஓவியங்கள் குறித்துச் சில சிந்தனைகள்

மருந்து தீர்ந்ததும் அதன் அட்டைப்பெட்டி குப்பைக்கூடையைச் சென்றடைகிறது. மருந்தின் பெயர், அளவு, எச்சரிக்கை வாசகம் ஆகியவை அச்சிடப்பட்ட அதன் வெளிப்புறத்தையே நாம் பார்க்கிறோம். அதன் உட்புறம் வெறுமையாக இருப்பது நம் கவனத்திற்கு வருவதில்லை. சூடானிய ஓவியர் இப்ராஹீம் அஸ்ஸலஹி 2016ஆம் ஆண்டளவில், தமது எண்பத்தைந்தாம் வயதைக் கடந்த நிலையில், அந்த வெறுமையான உட்புறத்தில் வரையத் தொடங்கினார். நீண்டகால முதுகுவலியும் காலுக்கு இறங்கும் நரம்புவலியும் பார்கின்சன் நோயும் அவரை நாற்காலியோடு பிணைத்திருந்தன. பெரிய துணிகளின் முன்னால் நின்று வரைய உடல் இடம் தரவில்லை. எனவே மடியில் வைத்து வரையக்கூடிய சிறு அட்டைகளைத் தேர்ந்தார். மருந்துப் பெட்டிகளின் மடிப்புகளைப் பிரித்து, கறுப்பு மையால் முகங்களையும் பறவைகளையும் பின்னல் கோடுகளையும் வரைந்தார். அவ்வரிசைக்கு அவர் சூட்டிய பெயர் 'வலி நிவாரணம்' என்பதாகும். 2022ஆம் ஆண்டில் நியூயோர்க்கின் 'ட்ரோயிங் சென்டர்' நிறுவனம் அவற்றைத் தனிக் கண்காட்சியாக வைத்தது.

இப்பெயரை நாம் எவ்வாறு விளங்கிக்கொள்வது? கலை நோயைப் போக்கும் என்ற கூற்று இன்று எளிதாகச் சொல்லப்படுகிறது. அதனை மறுப்போரும் உளர். கலையைக் கலையாகவே மதிக்க வேண்டும், அதை மருத்துவத்தின் பணியாளாக்குவது அதனை இழிவுபடுத்துவதாகும் என்பது அவர்களது வாதம். அஸ்ஸலஹியின் நீண்ட கலைவாழ்வை முழுமையாக நோக்கும்போது இவ்விரு தரப்பினரும் ஓர் உண்மையைத் தவறவிடுகின்றனர் என்று நமக்குத் தோன்றுகிறது. அவ்வுண்மையை எடுத்துரைப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

பலகையும் மையும்

அஸ்ஸலஹி 1930இல் நைல் நதிக்கரை நகரான உம்துர்மானில் பிறந்தார். அவருடைய தந்தை குர்ஆன் ஆசிரியர். சூடானில் 'கல்வா' என்றழைக்கப்படும் குர்ஆன் பாடசாலையே அக்குழந்தையின் முதற் கல்விக்கூடமாகவும் முதல் ஓவியக்கூடமாகவும் அமைந்தது. அங்கு மாணவன் எழுதுவது தாளிலன்று. 'லௌஹ்' எனப்படும் மரப்பலகையில். புகைக்கரியையும் கருவேலம் பிசினையும் சேர்த்துக் குழைத்த மையில் நாணல் பேனாவைத் தோய்த்து எழுதுவான். பாடம் மனனமானதும் பலகை கழுவப்படும். அடுத்த பாடம் அதே இடத்தில் எழுதப்படும். நம் ஊர்களின் பழைய ஓதற்பள்ளிகளிலும் பலகையில் எழுதி ஓதிய தலைமுறையினர் இருந்தமையால், வாசகர்கள் இக்காட்சியை எளிதில் மனக்கண்ணில் காண்பர்.

இப்பலகையோடு தொடர்புடைய வேறொரு வழக்கமும் சூடானில் உண்டு. எழுதப்பட்ட திருவசனங்களைக் கழுவி எடுத்த நீரை நோயாளிக்குக் குடிக்கக் கொடுப்பர். அதனை 'மிஹாயா' என்பர். பீங்கான் தட்டில் குங்குமப்பூ மையால் எழுதிக் கரைத்துக் குடிக்கும் வழக்கத்தை நம்மிடையேயும் முதியோர் பலர் அறிவர். இவ்வழக்கங்களின் மார்க்க நிலை பற்றி அறிஞர்களிடையே கருத்து வேறுபாடு உண்டு. அவ்விவாதத்தில் நுழைவது இங்கு நமது நோக்கமன்று. கலை விமர்சனத்திற்கு அதில் பயன்படும் செய்தி ஒன்றுதான்: எழுத்தும் மையும் நோயுற்ற உடலோடு தொடர்புடையவை என்ற எண்ணம் நிலவிய சமூகத்தில் இவ்வோவியர் வளர்ந்தார். கோடு கண்ணுக்கு மட்டும் உரியதன்று என்பதை அவர் மேற்கத்திய உளவியல் நூல்களிலிருந்து கற்கவேண்டிய தேவை இருக்கவில்லை.

வெறிச்சோடிய மண்டபம்

கார்ட்டூமின் கோர்டன் நினைவுக் கல்லூரியில் பயின்றபின், 1954 முதல் 1957 வரை லண்டனின் புகழ்பெற்ற ஸ்லேட் கலைப்பள்ளியில் அவர் கற்றார். ஐரோப்பிய ஓவியத்தின் உத்திகளை நன்கு தேர்ந்து நாடு திரும்பியவர், கார்ட்டூமின் கிராண்ட் ஹோட்டலில் தம் ஓவியங்களைக் காட்சிக்கு வைத்தார். திறப்பு நாளில் மரியாதைக்காக வந்தவர்கள் மறுநாள் வரவில்லை. தம் மக்களின் கண்கள் தம் ஓவியங்களில் தங்குவதற்கு இடம் காணவில்லை என்பதை அவர் உணர்ந்தார்.

இத்தகைய நிலையில் கலைஞர்கள் பெரும்பாலும் மக்களின் இரசனையைக் குறைகூறித் தம்மைத் தேற்றிக்கொள்வர். அஸ்ஸலஹி குறையைத் தம்மிடம் தேடினார். வரைவதைச் சிறிது காலம் நிறுத்திவிட்டு நாட்டின் பல பகுதிகளுக்கும் பயணம் செய்தார். வீட்டுச் சுவர்களின் அலங்காரங்கள், ஒட்டகச் சேணங்கள், கூடைகள், பாய்கள், ஓதற் பலகைகள் ஆகியவற்றில் மக்கள் இட்டிருந்த கோடுகளை ஊன்றிக் கவனித்தார். லண்டனில் அவர் தேடாத ஓவியக்கூடம் தாம் பிறந்த வீட்டின் சுவரிலேயே இருந்தது.

அதன்பின் அவர் செய்தது எளிமையானது. ஓவியத்தின் மூலையில், அஞ்சல் முத்திரை அளவில், அரபு எழுத்துகளைச் சேர்த்தார். மக்கள் சற்று நெருங்கி வந்தனர். எழுத்துகளைத் துணி முழுவதும் பரவவிட்டார், இன்னும் நெருங்கினர். அடுத்து எழுத்தை உடைத்தார். அலிஃபின் நெடுங்கோட்டிற்கும் நூனின் வளைவிற்கும் இடைப்பட்ட வெற்றிடத்தில் என்ன இருக்கிறது என்று தேடினார். அங்கிருந்து மனித வடிவங்களும் விலங்குகளும் செடிகளும் வெளிப்பட்டன. 1961க்கும் 1965க்கும் இடையே உருவான 'சிறுபராயக் கனவுகளின் மறுபிறப்பெய்திய ஒலிகள்' என்ற பேரோவியம் இக்கட்டத்தின் உச்சமாகும். லண்டன் டேட் கலைக்கூடத்தின் சேகரத்தில் உள்ள அதில், நெடிதுயர்ந்த உருவங்கள் மண்ணின் பழுப்பும் கறுப்பும் வெண்மையுமான நிறங்களுக்குள்ளிருந்து மெல்ல எழுகின்றன. அஹ்மத் ஷிப்ரைன், கமலா இப்ராஹீம் இஸ்ஹாக் ஆகியோருடன் இணைந்து அவர் வளர்த்த இப்போக்கு பின்னர் 'கார்ட்டூம் பள்ளி' எனப் பெயர் பெற்றது.

இவ்விடத்தில் வாசகர்களின் மனத்தில் எழக்கூடிய ஒரு வினாவைத் தவிர்த்துச் செல்வது முறையன்று. உயிருள்ளவற்றின் உருவங்களை வரைவது பற்றி இமாம்களிடையே நீண்ட விவாதம் நிகழ்ந்துள்ளது. முற்கால ஃபுகஹாக்களில் பெரும்பான்மையோர் அதனை வெறுத்தும் தடுத்தும் உள்ளனர். வழிபாட்டு நோக்கமோ புனிதப்படுத்தலோ இல்லாதவிடத்துச் சலுகை கண்டோரும் உளர். அஸ்ஸலஹியின் உருவங்கள் குறிப்பிட்ட எவரையும் ஒத்திருப்பவையல்ல. எழுத்தின் எலும்புக்கூட்டிலிருந்து பிறந்தவை. இக்குறிப்பை விவாதத்திற்கான தீர்ப்பாக நாம் முன்வைக்கவில்லை. எனினும், எழுத்திலிருந்து விலகியன்றி எழுத்தின் ஊடாகவே உருவத்தை அடைந்த ஒருவரின் பாதை, இவ்விவாதத்தில் ஈடுபடுவோரின் கவனத்திற்கு உரியது.

மணலில் வரைந்தவை

1970களின் முற்பகுதியில் அஸ்ஸலஹி சூடானின் கலாசாரத்துறையில் உயர் பதவி வகித்தார். 1975 செப்டெம்பரில், ஜஃபர் நுமைரியின் ஆட்சியில், அரசுக்கு எதிரான சதியில் பங்குகொண்டதாகக் குற்றஞ்சாட்டப்பட்டு விசாரணை எதுவுமின்றி கோபர் சிறையில் அடைக்கப்பட்டார். ஆறு மாதங்களும் எட்டு நாட்களும் அங்கு கழிந்தன. கைதியிடம் பென்சிலும் தாளும் அகப்பட்டால் தனிச்சிறைத் தண்டனை காத்திருந்தது. ஓவியர் ஒருவருக்கு விதிக்கப்படும் தடைகளில் இதனைவிடக் கடுமையானது வேறொன்றில்லை.

சிறை முற்றத்தில் நடமாட அனுமதித்த சிறு பொழுதில் அவர் குச்சியால் மணலில் வரைந்தார். காவலர் நெருங்கினால் அழித்துவிட்டார். மனனமானதும் பலகையைக் கழுவிய சிறுவனை இங்கு நாம் மீண்டும் காண்கிறோம். அழிவதற்காகவே வரையப்பட்ட கோடு பயனற்றதா? கல்வாவின் கல்விமுறை அவ்வாறு கருதவில்லை. பலகையிலிருந்து நீங்கிய எழுத்து மாணவனின் நெஞ்சில் எஞ்சுகிறது என்பதே அதன் அடிப்படை. சிறைக்கைதியும் அதே நம்பிக்கையில் வரைந்தார் என்றே நாம் கொள்கிறோம்.

பின்னர், சிமெந்துப் பைகளிலிருந்து கிழித்த சிறு தாள்துண்டுகளில் இரகசியமாக வரைந்து மணலில் புதைத்து வைத்தார். உள்ளங்கைக்குள் அடங்கும் துண்டில் பேரோவியம் ஒன்றை எவ்வாறு வரைவது? இக்கேள்விக்கு அவர் கண்ட விடை அவரது கலையின் போக்கையே மாற்றியது. முதல் துண்டில் ஒரு கருவை மட்டும் வரைவது. அதன் விளிம்பிலிருந்து அடுத்த துண்டிற்கு அதனை வளரவிடுவது. முழுமை எவ்வாறிருக்கும் என்பது வரைபவருக்கே தெரியாது. அவர் அறிந்திருப்பது கையிலுள்ள துண்டை மட்டுமே. விதை மரத்தை அறியாது; ஆயினும் மரம் அதிலிருந்துதான் முளைக்கிறது.

விடுதலையானபின், 1976இல், வீட்டுக் காவலில் இருந்த காலத்தில் சித்திரங்களும் அரபு எழுத்துமாக ஒரு 'சிறைக் குறிப்பேட்டை' உருவாக்கினார். 1977இல் கத்தார் சென்று அங்கு நீண்டகாலம் பணியாற்றி, 1998இல் ஒக்ஸ்ஃபோர்டில் குடியேறினார். சிறையில் கருக்கொண்ட முறை 1984-85இல் 'தவிர்க்கவியலாதது' என்ற படைப்பாக முழு வளர்ச்சி பெற்றது. ஒன்பது தனித்தனி அட்டைகளில் இந்திய மையால் வரையப்பட்டு இணைக்கப்பட்ட அதில், நெருக்கியடித்து நிற்கும் உருவங்களும் உயர்ந்த கைமுட்டிகளும் நம்மை எதிர்கொள்கின்றன. 1985 ஏப்ரலில் மக்கள் எழுச்சியோடு நுமைரி ஆட்சி வீழ்ந்தது. சிறைப்பட்டவரின் தாள்துண்டு ஒரு தேசத்தின் உருவமாக விரிந்ததை இப்படைப்பில் நாம் காண்கிறோம். நிறங்கள் நீங்கிக் கறுப்பும் வெண்மையும் மட்டுமே எஞ்சியமையை வறுமையாகக் கருதுவது தவறு. பலகைக்கும் மைக்கும் அவர் திரும்பிச் சென்றார் என்பதே பொருத்தமான விளக்கம்.

நோவும் கோடும்

மேற்கூறியவற்றின் பின்னணியிலேயே மருந்துப் பெட்டிகளுக்கு நாம் திரும்ப வேண்டும். அவற்றைத் தனியாக எடுத்து நோக்கினால், முதிய நோயாளி ஒருவரின் பொழுதுபோக்காகத் தோன்றக்கூடும். சிறைத் துண்டுகளின் அருகில் வைத்து நோக்கும்போதோ அவை ஒரு பழைய பயிற்சியின் தொடர்ச்சி என்பது புலனாகிறது. அன்று சிறைச்சுவர் இடத்தைச் சுருக்கியது. இன்று உடலே சுவராயிற்று. அன்று சிமெந்துப் பை. இன்று மருந்துப் பெட்டி. இரு தடவையும் எது கைக்கு எட்டியதோ அதுவே போதுமானதாயிற்று.

நோயாளிகளுக்குக் கலையைப் பரிந்துரைக்கும் வழக்கம் புதியதன்று. உஸ்மானிய சுல்தான் இரண்டாம் பாயஸீத் எதிர்னேயில் நிறுவி 1488இல் நிறைவுற்ற மருத்துவமனையில் நோயாளிகளுக்காக இசை வாசிக்கப்பட்டதை எவ்லியா செலபி தமது பயண நூலில் பதிவு செய்துள்ளார். மேற்கில் 'கலைச் சிகிச்சை' என்ற சொல்லை 1942இல் வழங்கியவர் பிரித்தானிய ஓவியர் ஏட்ரியன் ஹில். காசநோய் மருத்துவமனையில் படுத்திருந்தபோது தாம் வரைந்து ஆறுதல் பெற்ற அனுபவத்திலிருந்து அவர் அதனை வகுத்தார். உலக சுகாதார நிறுவனத்தின் ஐரோப்பியப் பிரிவு 2019இல் வெளியிட்ட அறிக்கை, மூவாயிரத்திற்கும் மேற்பட்ட ஆய்வுகளைத் தொகுத்து, நலவாழ்வில் கலைகளுக்குப் பங்குண்டு என முடிவு கண்டது. இவை யாவும் மதிக்கத்தக்கவை. எனினும் 'கலை நலம் தரும்' என்ற பொதுவான முடிவு, எவ்வகையில் தருகிறது என்ற கேள்வியை விட்டுவைக்கிறது. ஒரு தனிமனிதனின் படைப்புகளை உற்றுநோக்குவதன் மூலமே அக்கேள்வியை நாம் அணுக முடியும்.

அப்பெட்டிகளில் உள்ள கோடுகளைக் கூர்ந்து நோக்குவோம். ஓர் ஓரத்தில் கண்ணொன்று தோன்றுகிறது. அதிலிருந்து நெடிய மூக்கின் கோடு இறங்குகிறது. அதனையடுத்து நுண்ணிய குறுக்குக் கோடுகள் நெருங்கி நெருங்கி ஒரு நிழலை உண்டாக்குகின்றன. பெட்டியின் மடிப்பு வந்ததும் கோடு தயங்குகிறது. மடிப்பையே தன் எல்லையாக ஏற்கிறது, அல்லது அதனைத் தாண்டிச் செல்கிறது. ஒவ்வொரு கோடும் கையை முழுமையாகக் கேட்கிறது. வலியும் மனிதனை முழுமையாகக் கேட்கும் இயல்புடையது. ஒரே நெஞ்சில் இவ்விரண்டுக்கும் முழு இடம் கிடைப்பதில்லை. வரையும்போது தம் வலியை மறப்பதாக அஸ்ஸலஹி கூறியதன் பொருள் இதுவே என்று நாம் கருதுகிறோம். வலி அகன்றுவிடவில்லை, அது தலைமை இடத்தை இழந்துவிட்டது.

ஆனால் இதில் ஒரு நிபந்தனை உண்டு. கோடு மனிதனை முழுமையாகக் கேட்பதற்கு, அவன் முன்னரே தன்னை அதற்குக் கொடுத்துப் பழகியிருக்க வேண்டும். வலி வந்தபின் ஆறுதலைத் தேடி மையை எடுத்தவரல்லர் அஸ்ஸலஹி. கல்வாவில் எழுதியது, கண்காட்சி தோற்றபின் எழுத்தை உடைத்துத் தேடியது, மணலில் வரைந்து அழித்தது என எழுபது ஆண்டுகளுக்கும் மேலாக அந்த மருந்து அவருக்குள் தயாராகிக்கொண்டிருந்தது. கலை அவருக்கு நிவாரணம் அளித்தமைக்குக் காரணம், நிவாரணத்தை அவர் அதன் நோக்கமாக வைக்காமையே எனலாம். எதைச் செய்யினும் அதனைச் செம்மையாகச் செய்யும் இஹ்ஸான் என்ற பண்பை நமது மரபு வலியுறுத்துகிறது. செம்மையை நாடியவனுக்கு ஆறுதல் வந்து சேர்கிறது. ஆறுதலை மட்டும் நாடியவனுக்குச் செம்மையும் கிட்டுவதில்லை, ஆறுதலும் நிலைப்பதில்லை. ஆரம்பத்தில் நாம் சுட்டிய இரு தரப்பினரும் தவறவிடும் உண்மை இதுவே.

இவ்வரிசை பற்றி நமக்கு ஒரு விமர்சனமும் உண்டு. இச்சிறு சித்திரங்களில் சில பின்னர் பெரிதாக்கப்பட்டு, திரை அச்சு முறையில் லினன் துணியில் பதிக்கப்பட்டன. பெரிய மண்டபத்தில் அவை கம்பீரமாகவே தோன்றுகின்றன. உடல் மறுத்த பேரளவை ஓவியர் வேறுவழியால் மீட்டுக்கொண்டார் என்று அதற்கு நியாயம் கூறவும் இடமுண்டு. எனினும், பெரிதாக்கியபோது ஒன்று இழக்கப்பட்டது. பெட்டியின் மடிப்பும் வெட்டிய விளிம்பும் கையின் அளவும் அச்சிறு அட்டைகளில் ஓவியத்தின் உறுப்புகளாகவே இருந்தன. துணியில் அவை வெறும் வடிவங்களாகிவிட்டன. இது மடியில் வைத்து வரையப்பட்டது, இதன் பின்புறத்தில் ஒரு மருந்தின் பெயர் இருக்கிறது என்ற அறிவே அச்சித்திரத்தின் பாதி உயிர். அளவில் சிறியவையே இவ்வரிசையின் சிறந்த படைப்புகள் என்பது நமது துணிபு.

மழைக்கு அஞ்சாத மரம்

ஒக்ஸ்ஃபோர்டில் வாழ்ந்த காலத்தில் அஸ்ஸலஹி மீண்டும் மீண்டும் வரைந்த பொருள் ஹராஸ் மரமாகும். நைல் நதியோரங்களில் வளரும் இம்மரத்தின் இயல்பு விந்தையானது. மழைக்காலத்தில் ஏனைய மரங்கள் தழைக்கும்போது இது இலையுதிர்க்கிறது. கோடையில் அவை வாடும்போது இது பசுமை கொள்கிறது. மழையோடு பிணங்கிக்கொண்ட மரம் என்று சூடானியக் கிராம மக்கள் இதனைப் பற்றிக் கதை சொல்வர். வறட்சியில் தழைக்கும் இம்மரத்தில் ஓவியர் தம் மக்களின் உறுதியைக் கண்டார். தம்மையும் அதில் கண்டிருப்பார் என்று நாம் எண்ணுவதில் தவறில்லை. 2013இல் லண்டன் டேட் மொடர்ன் கலைக்கூடம் அவரது வாழ்நாட் படைப்புகளைத் தொகுத்துக் காட்சிப்படுத்தியபோது, அத்தகைய கௌரவத்தை அங்கு பெற்ற முதல் ஆபிரிக்கக் கலைஞரானார். அப்போது அவருக்கு வயது எண்பதைக் கடந்திருந்தது. கோடையில்தான் அம்மரமும் பசுமை கொண்டது.

2023 ஏப்ரலில் சூடானில் மூண்ட போர் கார்ட்டூமையும் உம்துர்மானையும் சிதைத்தது. இலட்சக்கணக்கானோர் இடம்பெயர்ந்தனர்; கார்ட்டூமின் தேசிய அருங்காட்சியகம் சூறையாடப்பட்டது. சிறுவனொருவன் பலகையில் முதல் அலிஃபை எழுதிய நகரம் பீரங்கிகளின் நகரமாயிற்று. இந்நிலையில் ஓவியத்தின் ஆற்றுதல் பற்றிப் பேசுவது தகுமா என்று நம்மை நாமே கேட்டுக்கொள்ள வேண்டியிருக்கிறது. கோடு குண்டைத் தடுப்பதில்லை. அது சிறைக்கதவைத் திறக்கவில்லை. பார்கின்சன் நோயையும் குணப்படுத்தவில்லை. கலையைப் போற்றுவோர் இதனை ஒப்புக்கொள்ளத் தயங்கலாகாது.

ஆயினும், முழுமையைக் காணமுடியாத நிலையிலும் கையிலுள்ள துண்டைச் செம்மையாக வரையலாம் என்பதை இவ்வாழ்வு நமக்குக் காட்டியுள்ளது. அதற்கு நமது மொழியில் பொறுமை என்றும் மார்க்கத்தின் மொழியில் ஸப்ர் என்றும் பெயர். ஸப்ர் என்பது கையைக் கட்டிக்கொண்டு காத்திருப்பதன்று என்று நம் அறிஞர்கள் பலகாலும் விளக்கிவந்துள்ளனர். அவ்விளக்கத்திற்கு ஒரு கண்கூடான சான்று வேண்டுவோர், உட்புறம் முழுவதும் மையால் நிறைந்த ஒரு மருந்துப் பெட்டியைப் பார்த்தால் போதும். நம் இல்லங்களில் நோயுற்ற முதியோர் உளர்; அவர்தம் கைகள் ஒரு காலத்தில் பாய் பின்னவும் பூவேலை செய்யவும் அழகுற எழுதவும் பழகியவை. அக்கைகளுக்கு மருந்தைக் கொடுத்தபின், அம்மருந்தின் பெட்டியையும் ஒரு பேனாவையும் கொடுக்க நமக்குத் தோன்றுமாயின், இவ்வோவியரைப் பற்றிச் சிந்தித்தது வீண்போகவில்லை.